பூண்டு மணக்கும் பெட்டி: லெஸ் பிளாங்கின் 14 படங்கள்

கும்பகோணத்தில் 1998-இலிருந்து கல்யாண வீடியோ எடுத்துவருகிறேன். எம் 9000 கேமராவைத் தோளில் சுமந்த காலம் தொட்டு இன்றைய ட்ரோன் வரை எல்லாம் இந்தக் கை வழியே போயிருக்கின்றன. ஆடியிலும் மார்கழியிலும் முகூர்த்தம் இருக்காது. அந்த மாதங்களில் கைக்காசைப் போட்டுச் சிறிய ஆவணப்படங்கள் எடுப்பேன். இதுவரை ஐந்து எடுத்திருக்கிறேன். அந்த ஐந்தையும் எடுப்பதற்கு முன்பே இந்தப் பெட்டியைப் பார்த்திருக்க வேண்டும் என்பதுதான் என் குறை.

கிரைட்டீரியன் நிறுவனம் 2014-இல் வெளியிட்ட தொகுப்பு இது. பெயர் 'லெஸ் பிளாங்க்: ஆல்வேஸ் ஃபார் பிளஷர்'. மூன்று புளூ-ரே வட்டுகள், 14 படங்கள், கூடவே ஒரு சிறு புத்தகம். 1968 முதல் 1995 வரை அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் லெஸ் பிளாங்க் எடுத்தவற்றிலிருந்து தேர்ந்தவை. மொத்தமாகக் கூட்டினால் ஒன்பது மணி நேரத்துக்கு மேல் வருகிறது. ஆனால் ஒரு படம்கூட ஒரு மணி நேரத்தைத் தாண்டுவதில்லை. பாதிக்கும் மேற்பட்டவை முக்கால் மணி நேரத்துக்குள் முடிந்துவிடுகின்றன. குறும்படம் எடுப்பவர்களுக்கு இதுவே பெரிய ஆறுதல். முப்பது நிமிடப் படங்களை எடுத்தே ஒரு மனிதர் வாழ்நாள் முழுவதும் நின்றிருக்கிறார் என்பதற்கு இந்தப் பெட்டி கண்ணெதிரே இருக்கும் சாட்சி.

படங்களுக்குப் போவதற்கு முன் ஒரு எச்சரிக்கை. சிங்கப்பூரில் இருக்கும் என் தம்பி இதைத் தள்ளுபடி விற்பனையில் வாங்கி அனுப்பினான். இரண்டு நாள் வேலையை ஒத்திப்போட்டுவிட்டு உட்கார்ந்தேன். என் பிளேயர் வட்டை உள்ளே இழுத்து, அரை நிமிடம் சுழற்றி, இந்தப் பகுதிக்கு உரியதல்ல என்று திரையில் எழுதிக் காட்டிவிட்டு வெளியே தள்ளிவிட்டது. புளூ-ரே வட்டுகளுக்கு உலகத்தை ஏ, பி, சி என்று மூன்று பகுதிகளாகப் பிரித்து வைத்திருக்கிறார்கள். அமெரிக்கா ஏ. இந்தியா சி. இந்த வட்டுகள் ஏ பகுதிக்குப் பூட்டப்பட்டவை. சிங்கப்பூரும் மலேசியாவும் ஏ பகுதியில் வருவதால் அங்கே இருக்கும் தமிழர்களுக்கு இந்தத் தொல்லை கிடையாது. அடுத்த முறை ஊருக்கு வந்தபோது தம்பி தன் வீட்டுப் பிளேயரையே தூக்கிக்கொண்டு வந்தான். அந்த ஊர் பிளக் நம் சுவரில் நுழையாது. நாற்பது ரூபாய்க்கு ஒரு அடாப்டர் வாங்கிச் செருகினேன். எல்லாப் பகுதி வட்டுகளையும் படிக்கும் பிளேயர் இல்லாமல் நம் ஊரில் இதை வாங்காதீர்கள். பெட்டியின் விலையே கொஞ்சநஞ்சமல்ல. ஓடாத வட்டைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்வது பெரிய வேதனை.

இனி மனிதரைப் பற்றி. லெஸ் பிளாங்க் 1935-இல் ஃபுளோரிடாவின் டாம்பாவில் பிறந்தவர். நியூ ஆர்லியன்ஸில் உள்ள டுலேன் பல்கலைக்கழகத்தில் ஆங்கிலமும் நாடகமும் படித்தார். ஸ்வீடன் இயக்குநர் பெர்க்மனின் ஒரு படத்தைப் பார்த்துவிட்டுத்தான் சினிமா என்று முடிவெடுத்தார். லாஸ் ஏஞ்சலிஸில் திரைப்படக் கல்வி. பிறகு வயிற்றுப்பாட்டுக்காக நிறுவனங்களுக்கு விளம்பரத் தொழில் படங்கள் எடுத்துக் கொடுத்தார், கோழிப் பண்ணைக்காரர்களுக்குக்கூட. 1967-இல் அந்த வேலையை உதறிவிட்டு 'ஃபிளவர் ஃபிலிம்ஸ்' என்று சொந்தமாகத் தொடங்கினார். பிற்காலத்தில் கலிஃபோர்னியாவின் எல் செரிட்டோ என்ற ஊரில், நாட்டுப்புற இசைத்தட்டுகள் வெளியிடும் அர்ஹூலி நிறுவனம் இருந்த அதே கட்டிடத்தில்தான் இவருடைய அலுவலகமும் இருந்தது. தன் படங்களைத் தானே பிரதி எடுத்து, தானே விநியோகித்து, திரையிடல்களில் டி-ஷர்ட்டும் வீடியோ நாடாவும் விற்று அடுத்த படத்துக்குப் பணம் சேர்த்திருக்கிறார். 2013 ஏப்ரலில், 77 வயதில், பெர்க்லியில் காலமானார். பெட்டி வந்தது அதற்கு அடுத்த ஆண்டு.

கோழிப் பண்ணைப் படம் எடுத்த கை என்பதைப் படித்தபோது எனக்கு நெஞ்சில் ஏதோ இறங்கியது. சாந்தி முகூர்த்த அறையில் பூ அலங்காரத்தைப் படம் பிடிக்கும் கையால் கலை எடுக்க முடியுமா என்று என்னைக் கேட்டவர்கள் உண்டு. முடியும். கோழிக்குச் சரியாக ஒளி வைக்கத் தெரிந்தவனுக்குத்தான் மனித முகத்துக்கும் தெரியும்.

இந்தப் பெட்டியில் எனக்கு உயிரானது லைட்னின் ஹாப்கின்ஸ் என்ற புளூஸ் பாடகரைப் பற்றிய 31 நிமிடப் படம். டெக்சாஸில் எடுத்தது. ஹாப்கின்ஸ் முதல் நாள் சில பாட்டுகளைப் பாடிவிட்டு, அவ்வளவுதான், கிளம்புங்கள் என்று சொல்லிவிட்டாராம். பிளாங்க் கிளம்பவில்லை. அவரோடு சீட்டாட உட்கார்ந்தார். கையிலிருந்த பணத்தைத் தோற்றார். ஜெயித்த சந்தோஷத்தில் ஹாப்கின்ஸ் இளகி, தங்கிக்கொள் என்று விட்டுவிட்டார். அந்த ஆட்டத்துக்குப் பின்னால் கிடைத்த படம் இது. பாட்டு பாதியில் நிற்கும், கதை வரும், கதை முடிவதற்குள் மறுபடி கிட்டார் கேட்கும். விளக்கிச் சொல்லும் குரல் எங்கும் இல்லை. எந்த ஆண்டில் பிறந்தார், எத்தனை இசைத்தட்டு வெளியிட்டார் என்று ஒரு தகவலும் கிடையாது. ஆனால் படம் முடியும்போது அந்த மனிதருடைய தெருவில் நாம் ஒரு வாரம் குடியிருந்துவிட்டு வந்ததுபோல் இருக்கிறது. அதே சமயத்தில் எடுத்த பத்து நிமிடக் குறும்படம் ஒன்றும் கூடுதலாக வட்டில் இருக்கிறது: 'த சன்ஸ் கோனா ஷைன்'. எட்டு வயதில் பருத்திக் காட்டு வேலையை விட்டு ஹாப்கின்ஸ் வெளியேறியதை நினைவுகூரும் படம். பத்து நிமிடத்தில் எவ்வளவு சொல்லலாம் என்று கேட்கும் பிள்ளைகளுக்கு இதைத்தான் போட்டுக் காட்டுகிறேன்.

இங்கே என் சொந்தக் கதையைச் சொல்ல வேண்டியிருக்கிறது. இல்லாவிட்டால் இந்த வட்டுகள் எனக்கு என்ன செய்தன என்பது புரியாது. திருவாவடுதுறையில் நாகசுரத்தில் வாய் வைத்து ஊதும் சீவாளியைச் செய்யும் பெரியவர் ஒருவரை வைத்து 22 நிமிடப் படம் எடுத்திருந்தேன். நாணலை வெட்டி, காயவைத்து, வேகவைத்து, கெண்டை என்ற சிறு உலோகக் குழலில் பொருத்தி நூல் சுற்றும் வரை எல்லாம் எடுத்தாயிற்று. பின்னணிக் குரலுக்கு மூன்று பக்கம் எழுதி நானே படித்தேன். எல்லாரும் நன்றாக இருக்கிறது என்றார்கள். ஹாப்கின்ஸ் படத்தைப் பார்த்த அன்றிரவு என் படத்தை மறுபடி ஓட்டினேன். பதினான்காவது நிமிடத்தில் பெரியவர் நூலின் ஒரு முனையைப் பல்லில் கடித்துக்கொண்டு மறு முனையைச் சுற்றுகிறார். சுற்றி முடித்ததும் சீவாளியை நாக்கில் நனைத்து, உதட்டில் வைத்து ஊதிப் பார்க்கிறார். வாத்தியம் எதுவும் இல்லாமல், வெறும் நாணலிலிருந்து வாத்துக்குஞ்சு கத்துவதுபோல் ஓர் ஒலி. அவர் தலை லேசாகச் சாய்கிறது. சரியில்லை என்று அந்தத் தலையே சொல்லிவிடுகிறது. பிரித்துவிட்டு மறுபடி சுற்றுகிறார். நான் எடுத்தவற்றிலேயே மிக நல்ல நாற்பது விநாடி அது. அந்த ஒலியின் மேல் 'தொன்மை வாய்ந்த இக்கலை' என்று என் குரல் ஏறி உட்கார்ந்திருக்கிறது. நாணலின் சத்தத்தை நானே குறைத்து வைத்திருக்கிறேன்.

மறுநாளே மூன்று பக்கத்தையும் எடுத்துவிட்டேன். படம் 16 நிமிடமாயிற்று.

லூசியானாவின் கிராமப்புறத்தில் எடுத்த படங்கள்தான் இந்தப் பெட்டியின் நடுநாயகம். 1971-இல் ஒன்று, 1973-இல் இரண்டு, 1990-இல் ஒன்று. அங்கே கேஜன் என்ற பிரெஞ்சு வம்சாவளி மக்களும், கிரியோல் என்ற கறுப்பின மக்களும் அக்கார்டியனும் வயலினும் வாசித்து, சமைத்து, ஆடி வாழ்வதைப் பக்கத்திலிருந்து பார்க்கிறார். சைடெகோ என்ற கிரியோல் நடன இசையின் மன்னர் கிளிஃப்டன் செனியேரின் அக்கார்டியன் ஒரு படம் முழுக்க மூச்சு வாங்குகிறது. 'டிரை வுட்' படத்தில் பன்றி அடித்துக் கறியாக்குவதை முழுதாகக் காட்டுகிறார். சிறுபிள்ளைகளோடு பார்ப்பதாக இருந்தால் முன்கூட்டித் தெரிந்திருப்பது நல்லது. எனக்கு அதில் அருவருப்பு வரவில்லை. எங்கள் ஊர்க் கிடா வெட்டும் அப்படித்தான்: ஒருவர் அறுக்க, ஒருவர் கழுவ, ஒருவர் அடுப்பு மூட்ட, வேலை கையிலிருந்து கைக்குப் போய்க்கொண்டே இருக்கும். அந்தக் கைமாற்றத்தைத்தான் பிளாங்கின் கேமரா தொடர்கிறது. 'ஸ்பெண்ட் இட் ஆல்' படத்தில் ஒருவர் தன் பல்லைத் தானே குறடால் பிடுங்கிக்கொள்கிறார். ஜெர்மன் இயக்குநர் வெர்னர் ஹெர்சாக் அதைப் பார்த்து அசந்துபோய், 1977-இல் வந்த தன் 'ஸ்ட்ரோசெக்' படத்தில் அப்படி ஒரு காட்சி வைத்தார்.

நியூ ஆர்லியன்ஸைப் பற்றிய 58 நிமிடப் படத்தின் பெயரைத்தான் பெட்டிக்கும் வைத்திருக்கிறார்கள். இழவு ஊர்வலத்தில் பேண்டு வாத்தியம் அழுதுகொண்டு போகிறது. அடக்கம் முடிந்த பிறகு அதே பேண்டு துள்ளலான பாட்டுக்கு மாறுகிறது. பின்னால் வரும் கூட்டம் குடையை விரித்து ஆடுகிறது. பறையடித்து ஆடிக்கொண்டே சுடுகாட்டுக்குப் போகும் ஊரில் பிறந்த எனக்கு இதற்கு உரை தேவைப்படவில்லை. இதே படத்தில் பாடகி இர்மா தாமஸ் சிவப்பு ராஜ்மாவும் சோறும் எப்படிச் செய்வது என்று சொல்கிறார். பாட்டுக்காரரிடம் பாட்டைப் பற்றிக் கேட்காமல் சமையலைக் கேட்கலாம் என்று இவருக்கு யார் சொல்லிக்கொடுத்தார்களோ! அந்த அம்மாள் பேசும் விதத்திலேயே அவருடைய பாட்டு இருக்கிறது.

1980-இல் பூண்டைப் பற்றி மட்டும் 51 நிமிடம் எடுத்தார். ஒரு பூண்டு, பத்து அம்மாவுக்குச் சமம் என்பதுதான் அந்தப் படத்தின் தலைப்பு. பெர்க்லியில் உள்ள ஷே பனீஸ் உணவகம், அதைத் தொடங்கிய ஆலிஸ் வாட்டர்ஸ், பூண்டு விளையும் கில்ராய் ஊர், பூண்டைத் தெய்வமாக நினைப்பவர்கள் என்று படம் சுற்றிச் சுற்றி வருகிறது. திரையிடும்போது அரங்கின் பின்புறம் சின்ன அடுப்பில் முழுப் பூண்டுகளைச் சுடவைப்பது பிளாங்கின் வழக்கமாக இருந்தது. படம் ஓட ஓட மணம் முன்வரிசைக்கு வந்து சேரும். நியூ ஆர்லியன்ஸ் படத்துக்கு ராஜ்மா வேகும். 2004-இல் அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் பாதுகாக்கும் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இந்தப் பூண்டுப் படத்தைச் சேர்த்தார்கள்.

என் ஸ்டுடியோவின் பின்கட்டில் பன்னிரண்டு பேரை உட்காரவைத்து இதைச் செய்து பார்த்தேன். ஆல்பம் டிசைன் செய்யும் இரண்டு பிள்ளைகள், தவில் வாசிக்கும் நண்பர், அவருடைய மனைவி, கல்லூரி மாணவர்கள் சிலர். பின்கதவு ஓரம் ஒற்றை அடுப்பில் இரும்புச் சட்டியை வைத்து, நல்லெண்ணெய் தடவிய மலைப்பூண்டு இருபதைப் போட்டு மூடிவிட்டேன். இருபது நிமிடம் ஒன்றும் தெரியவில்லை. பிறகு ஒவ்வொருவராக மூக்கை நிமிர்த்தினார்கள். தவில்காரரின் மனைவி திரையைப் பார்த்தபடியே, "தம்பி, அடுப்பைக் குறையுங்கள், தோல் கருகுகிறது" என்றார். எழுந்து போய்ப் பார்த்தால் கருகத்தான் தொடங்கியிருந்தது. படம் முடிந்ததும் அந்தப் பூண்டைப் பிதுக்கி உப்புத் தூவிச் சாப்பிட்டோம். ஒரு ஆவணப்படம் முடிந்தபின் யாரும் வீட்டுக்குக் கிளம்பாமல் இருந்ததை அன்றுதான் பார்த்தேன்.

எல்லாம் ஒரே தரம் என்று சொல்ல மாட்டேன். போல்கா நடனத்தைப் பற்றிய 1984 படம் சொன்னதையே சொல்கிறது. முன்பல்லில் இடைவெளி உள்ள பெண்களைப் பற்றிய படம் அழகாகத் தொடங்கினாலும் போகப்போகப் பேட்டிகளின் வரிசையாகிவிடுகிறது. ஆனால் கேலி செய்யப்பட்ட ஒரு பல்லிடுக்கைப் பற்றி முப்பத்தொரு நிமிடம் அன்போடு பேச அவருக்கு மனம் இருந்ததே, அதற்காக மதிக்கிறேன். தான் தீட்டிய ஓவியங்களை விற்க மறுக்கும் கௌபாய் ஓவியரைப் பற்றிய 1994 படத்தை ஒரு மாதம் கழித்து இரண்டாம் முறை பார்த்தபோதுதான் பிடித்தது.

விடுபட்டவையும் உண்டு. அமேசான் காட்டில் ஹெர்சாக் ஒரு கப்பலை மலைமேல் இழுத்த கதையைப் பதிவு செய்த 'பர்டன் ஆஃப் டிரீம்ஸ்' (1982) இதில் இல்லை. பிளாங்க் என்ற பெயரையே பலர் அந்தப் படத்தால்தான் அறிவார்கள். அதைத் தனியாக வாங்க வேண்டும். டெக்சாஸ்–மெக்சிகோ எல்லை இசையைப் பற்றிய 'சூலாஸ் ஃபிரன்டேராஸ்' (1976) படமும் இல்லை. அவருடைய வாழ்நாள் உழைப்பை முழுதாகப் பார்க்க நினைப்பவர்களுக்கு இது பெரிய ஓட்டை. தெற்கத்திய ஆங்கிலமும் லூசியானா பிரெஞ்சும் கலந்த பேச்சு என் காதுக்குப் பிடிபட நான்கைந்து படங்கள் ஆயின. பொறுமையாக இருங்கள், கையும் முகமும் பாதியைச் சொல்லிவிடும்.

படத்தின் தெளிவைப் பற்றித் தொழில்முறையில் சொல்வதானால், எல்லாம் 16 எம்.எம். பிலிமில் எடுத்தவை. பழைய சதுரச் சட்டகம்தான். டிவியின் இரு பக்கமும் கறுப்பாக இருக்கும். அதை இழுத்துப் பெரிதாக்கிப் பார்க்காதீர்கள். பிலிமின் மணிமணியான தன்மையைத் துடைத்தெடுக்காமல் அப்படியே விட்டிருக்கிறார்கள். வேர்வை வேர்வையாகத் தெரிகிறது. குழம்பு கொதிக்கும் காட்சியில் எண்ணெய் பிரிவதைப் பார்க்க முடிகிறது. படத்தொகுப்பில் இருபது ஆண்டுகள் போல் அவரோடு உழைத்தவர் மௌரீன் காஸ்லிங். ஒலிப்பதிவும் அவர் செய்திருக்கிறார். ஒரு பாட்டின் நடுவே அடுப்படிக்கும் வயலுக்கும் போய்விட்டுத் தாளம் தப்பாமல் திரும்பி வரும் அந்த வெட்டுகளைக் பிளேயரில் நிறுத்தி நிறுத்திப் படித்தேன். படம் வெட்டுபவர்கள் அந்த அம்மாளின் பெயரையும் சேர்த்து நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும்.

வாங்குபவர்கள் எங்கே தொடங்குவது என்று கேட்டால், வரிசைப்படி போக வேண்டாம் என்பேன். ஹாப்கின்ஸ், அடுத்து பூண்டு, பிறகு வட கரோலினாவின் டோஸ்ட் என்ற ஊரில் வாழ்ந்த பிடில் கலைஞர் டாமி ஜாரலைப் பற்றிய 30 நிமிடப் படம். ஜாரல் நெடுஞ்சாலைத் துறையில் சாலை சமன்படுத்தும் வண்டி ஓட்டி ஓய்வு பெற்றவர். பிடில் அப்பாவிடம் கற்றது. அவருடைய வீட்டில் உட்கார்ந்து பேசுகிறார், வாசிக்கிறார்.

அந்தப் படத்தை மட்டும் லேப்டாப்பில் ஏற்றிக்கொள்ள முடியாததால், பிளேயரையும் பழைய டிவி ஒன்றையும் ஆட்டோவில் ஏற்றித் திருவாவடுதுறைக்குக் கொண்டுபோனேன். குரல் நீக்கிய என் 16 நிமிடப் படத்தை முதலில் போட்டேன். பெரியவர் ஒன்றும் சொல்லாமல் பார்த்தார். சீவாளியின் ஒலி வந்த இடத்தில் அவருடைய தலை, திரையில் சாய்ந்த அதே பக்கம் சாய்ந்தது. பிறகு ஜாரல் படம். ஒரு சொல் ஆங்கிலம் தெரியாது அவருக்கு. கால் மணி நேரம் வில் பிடித்த கையையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, "இவருக்கு மணிக்கட்டு மட்டும்தான் வேலை செய்கிறது, தோளைப் பாருங்கள், அசையவே இல்லை" என்றார். ஓட்டிப் பார்த்தேன். அப்படித்தான் இருந்தது. நான் நான்கு முறை பார்த்தும் கவனிக்காதது.

கிளம்பும்போது, இன்னொரு தரம் பார்க்க வேண்டும் என்றார். வட்டையும் பிளேயரையும் அடாப்டரையும் அங்கேயே விட்டுவிட்டு வந்திருக்கிறேன். தை பிறந்து முகூர்த்தம் தொடங்குவதற்குள் போய் வாங்கிக்கொள்ளலாம்.